எங்கூட்டு மடவை

தருமலிங்கத்துக்கு நீலமேகத்தின் மீன் மேல் பொறாமை இல்லை, வலை மேல் பொறாமை இல்லை, தோணி மேல் சத்தியமாக இல்லை. அந்த ஓட்டைத் தோணியைச் சும்மா கொடுத்தால்கூட ஏரியில் யாரும் வாங்க மாட்டார்கள். அவனுக்குப் பொறாமையெல்லாம் நீலமேகத்தின் வாய் மேல்தான். அந்த வாய் திறந்தால் தருமலிங்கத்தின் பெண்டாட்டி லோகாம்பாள் சிரித்தாள். சும்மா சிரிப்பா அது? தலையைப் பின்னால் சாய்த்து, கண்ணில் தண்ணீர் வர, பக்கத்தில் உட்கார்ந்திருப்பவளின் தோளில் அடித்துக்கொண்டு சிரிப்பாள். கட்டின புருஷன் நான் ஒருத்தன் இருக்கிறேனே, என் பேச்சுக்கு ஒரே ஒரு தரம் இப்படிச் சிரித்தாளா என்று தருமலிங்கம் நினைப்பான். நினைத்தாலே வயிறு எரியும்.

ஒல்லாந்தர்கள் என்ற வெள்ளைக்காரர்கள் பழவேற்காட்டில் கோட்டை கட்டிக்கொண்டு, ஊர் ஊராகத் துணி வாங்கிக் கப்பலேற்றிய காலம் அது. முகத்துவாரத்தில் ஆழம் போதாது என்று கப்பல்கள் வெளியே கடலில் நிற்கும். மூட்டைகளைப் படகில் ஏற்றி, குப்பத்து ஆட்கள் துடுப்புப் போட்டுக் கப்பலண்டை கொண்டுபோய்ச் சேர்ப்பார்கள். அப்படித் துடுப்புப் போடப் போன நீலமேகம் ஒரு தடவை கப்பலிலேயே ஏறிப் போய்விட்டான். போன இடம் பத்தாவி, கடலுக்கு அப்பால் ஒல்லாந்தர் கோட்டை கட்டின இன்னொரு துறைமுகம் என்றான். செத்தான் என்று ஊர் முடிவுகட்டி, காரியம் பண்ணலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தபோது திரும்பி வந்து நின்றான். கையில் ஒன்றும் இல்லை. வாய் நிறையக் கதை.

துரைமார் பாலைக் கெட்டியாக்கி, தேர்ச்சக்கரம் மாதிரி உருட்டி வைத்து, நாற்றம் எடுத்த பிறகு அறுத்துத் தின்பார்கள் என்பான். பெண்கள் "ஐயே!" என்று மூக்கைப் பொத்திக்கொள்வார்கள். லோகாம்பாள் மட்டும், "நீ தின்னியா கொழுந்தனாரே, அதைச் சொல்லு மொதல்ல" என்பாள். அப்புறம் சிரிப்புதான். அவனும் அதற்காகவே காத்திருந்தவன் மாதிரி இன்னும் கொஞ்சம் அவிழ்த்துவிடுவான்.

நீலமேகம் தருமலிங்கத்துக்குச் சித்தப்பா பிள்ளை, வயதில் இளையவன். அண்ணியும் கொழுந்தனும் கேலி பேசிக்கொள்வது முறைதான், யாரும் குறை சொல்ல முடியாது. அதுதான் தருமலிங்கத்துக்கு வந்த வினை. சண்டைக்குப் போகலாம் என்றால் என்ன சொல்லிப் போவது? என் பெண்டாட்டியை ஏண்டா சிரிக்க வைத்தாய் என்று கேட்டால் ஊரே வாயில் துணியை அடைத்துக்கொண்டு சிரிக்காதா?

தருமலிங்கம் பேச்சு வராதவன். 'காத்து வாடையா கீது', 'வலை கிழிஞ்சுபோச்சு', 'சோறு போடு', இவ்வளவுதான் அவனுடைய ஒரு நாளைக்கான பேச்சு. ஒரு நாள் நாமும் ஒரு கதை சொல்லித்தான் பார்ப்போமே என்று ரோஷம் வந்து, தோணியில் வரும்போதே மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டு வீட்டுக்கு வந்தான்.

"இன்னிக்கி ஏரியில ஒரு கொக்கு" என்று ஆரம்பித்தான்.

"கொக்கா? கொக்குக்கு இன்னா?"

"ஒத்தக் கால்ல நின்னுச்சு."

"சரி?"

"அப்புறம் பறந்துபோச்சு."

லோகாம்பாள் கொஞ்ச நேரம் அவன் முகத்தையே பார்த்தாள். பிறகு கையைத் துடைத்துக்கொண்டு வந்து அவன் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். "ஒடம்புக்கு இன்னாய்யா பண்ணுது?" என்றாள். அன்றோடு கதை சொல்கிற ஆசையை விட்டான். பொறாமையை மட்டும் விடவில்லை.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். பேசாத மனுஷன் என்பதாலேயே குப்பத்தில் அவன் வார்த்தைக்கு மதிப்பு அதிகம். ஏரியில் எந்த வீடு எந்த இடத்தில் வலை கட்டுவது என்று வருஷா வருஷம் கங்கம்மா கோயிலில் சீட்டுப் போட்டுப் பிரிப்பார்கள். அந்த இடத்துக்குப் பாடு என்று பேர். அந்த வருஷம் தருமலிங்கத்துக்கு விழுந்தது முகத்துவாரத்துக்கு நேர் பாடு. இறால் மந்தை மந்தையாக வந்து விழுகிற இடம். "நல்ல மனுஷனுக்குத்தான் ஆத்தா குடுத்துகிறா" என்று ஊரே சொன்னது. யாருக்கும் வயிற்றெரிச்சல் இல்லை. வயிற்றெரிச்சலுக்கெல்லாம் மொத்தக் குத்தகை அவன்தானே!

ஐப்பசி பிறந்து மழைத்தண்ணீர் ஏரியில் இறங்கினால், மடவை மீன் கூட்டங்கூட்டமாக முகத்துவாரம் வழியாகக் கடலுக்குப் போகும். அந்த நாட்களில் கரையோரம் உள்ள மணல்மேட்டில் முறை போட்டு ஆள் நிற்பார்கள். தண்ணீர் ஓரிடத்தில் கறுத்து, மேலே நடுக்கம் தெரிந்தால், நிற்கிறவன் தலைத்துணியை அவிழ்த்துச் சுழற்றிக்கொண்டு "மடவே! மடவே!" என்று கூவ வேண்டும். கூவல் காதில் விழுந்ததும் பாடு கீடு எல்லாம் அப்படியே நிற்கும். அவரவர் வலையை அவிழ்த்துக்கொண்டு வந்து ஒன்றாகச் சேர்த்துக் கட்டி வளைக்க வேண்டும். பிடிபட்டது ஊருக்குப் பொது. வலை கரையேறுகிற வரைக்கும் கூவினவனைப் பார்த்து, நிஜமாகப் பார்த்தாயா என்று யாரும் கேட்கக் கூடாது. அது கங்கம்மாவையே கேட்ட மாதிரி. அதே நேரம், பார்க்காமல் கூவினவனுக்கு அந்த வருஷம் பாடு கிடையாது. அப்படிக் கூவினவன் எவனும் அதுவரைக்கும் இருந்ததில்லை.

மழை விட்டு வெயில் அடித்த ஒரு பகலில் தருமலிங்கத்தின் முறை வந்தது. மேட்டில் ஏறி நின்றான். ஏரி வெறுமனே வெளுத்துக் கிடந்தது. கீழே மணலில் பெண்கள் மீனைப் பரப்பிக் காயவைத்துக்கொண்டிருந்தார்கள். பெண்கள் இருந்தால் நீலமேகம் இல்லாமல் இருப்பானா? நடுவில் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தான். காற்று அவன் பேச்சை ஒரு சொல் விடாமல் மேட்டுக்குக் கொண்டுவந்து கொட்டியது.

"தொரை ராவானா இன்னா பண்ணுவான் தெரியுமா? தலைமயிரு மொத்தத்தையும் அப்படியே கழட்டி ஆணியில மாட்டிட்டு படுப்பான். காத்தால எழுந்து தட்டி, மாவு பூசி, மறுபடியும் தலையில கவுத்துக்குவான்."

"அடப் பாவி! பேனு?" என்று லோகாம்பாள் கேட்டாள்.

"பேனு ஆணியிலயே தங்கிடும் அண்ணி."

அவ்வளவுதான், அவள் சாய்ந்துவிட்டாள். பக்கத்தில் இருந்த அங்காளம்மாளின் தோள் என்ன பாடுபட்டதோ! நீலமேகம் அந்தச் சிரிப்பிலேயே அவள் கூடையிலிருந்து ஒரு கருவாட்டை உருவினான். அவள் அவன் கையில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு, மறுபடியும் சிரித்தாள். மேட்டின் மேல் ஒருத்தன் வெயிலில் நிற்கிறான் என்ற நினைப்பே அவளுக்கு இல்லை.

தருமலிங்கம் ஏரியைப் பார்த்தான். ஒன்றும் இல்லை. நன்றாகத் தெரியும் அவனுக்கு, ஒன்றுமே இல்லை. தலைத்துணியை அவிழ்த்தான்.

"மடவே! மடவே!"

லோகாம்பாளின் சிரிப்பு பாதியில் நின்றது. தலை திரும்பியது. அவனைப் பார்த்தாள். கூடையை அப்படியே போட்டாள், காக்கை வந்து அள்ளிக்கொண்டு போனால் போகட்டும் என்று. சேலையை முழங்காலுக்கு மேல் தூக்கிச் செருகிக்கொண்டாள். "எங்கவூட்டுக்காரரு கூவுறாரு! எழுந்திருங்கடி!" என்று கத்திக்கொண்டே தண்ணீரைப் பார்த்து ஓடினாள். நீலமேகம் வாயில் கருவாட்டோடு எழுந்து ஓடினான். ஊருக்குத் தலைவரான பெரியதனக்காரர் திருவேங்கடம், அந்த வயசில், இடுப்புத் துணியைப் பிடித்துக்கொண்டு ஓடி வந்தார்.

ஏரி முழுக்க ஆட்கள் கட்டியிருந்த வலைகளை அவிழ்த்தார்கள். விழுந்திருந்த இறால் தண்ணீரோடு போயிற்று. மடவைக்கு முன்னால் இறால் எம்மாத்திரம் என்று யாரும் கவலைப்படவில்லை. தோணிகள் அவன் கை காட்டின இடத்தை வளைத்தன. கரையில் பெண்கள் இடுப்பளவுத் தண்ணீரில் இறங்கிக் கயிற்றைப் பிடித்தார்கள். முதல் ஆள் லோகாம்பாள். தருமலிங்கம் இறங்கிவந்து அவள் பக்கத்தில் கயிற்றைப் பிடித்தான்.

"எம்மாம் கூட்டம்யா?" என்று மூச்சு வாங்கக் கேட்டாள். முகமெல்லாம் தண்ணீர். அவள் கண் அவனை விட்டு நகரவில்லை.

"பெருசு" என்றான்.

ஐயோ, அந்த முகம்! கல்யாணத்தன்றுகூட அவள் அவனை அப்படிப் பார்த்ததில்லை. இழுத்துக்கொண்டே பக்கத்துப் பெண்களைப் பார்த்து, "பெருசாம்டி, பெருசாம்!" என்று சொல்லிக்கொண்டாள். தருமலிங்கத்துக்கு அந்தக் கயிறு முடியாமலே நீண்டுகொண்டு போனால் தேவலை என்று இருந்தது. கயிறு முடிந்தது. வலையில் கொஞ்சம் பாசி, நாலைந்து நண்டு, ஒரு கெளுத்தி.

எல்லோரும் தருமலிங்கத்தைத் திரும்பிப் பார்த்தார்கள். லோகாம்பாள்தான் முதலில் வாயைத் திறந்தாள். "முங்கிட்டிருக்கும். மடவை முங்கும். ஒங்களுக்குத் தெரியாதா?" என்று எல்லோரையும் பார்த்துச் சண்டைக்கு நின்றாள். தருமலிங்கம் கீழே பார்த்தான்.

அன்று எந்த வீட்டிலும் அடுப்பில் வைக்க மீன் இல்லை. சாயங்காலம் கங்கம்மா கோயில் முன்னால் ஊர் கூடியது. மடவை முங்குவது உண்டுதான், அதனால் பெரியதனக்காரருக்கும் அவனைத் தண்டிக்க மனசு இல்லை. ஒரு வார்த்தை கேட்டுவிட்டு அனுப்பிவிடலாம் என்றுதான் இருந்தார். அதற்குள் நீலமேகம் எழுந்தான்.

"பெரியதனக்காரரே, அண்ணாத்தே பொய் சொல்ற ஆளா? நானும் பார்த்தேன். ஆத்தா மேல சத்தியமா சொல்றேன், தண்ணி அப்படியே மை கொட்டின மாதிரி கறுத்துச்சு. ஒரு மடவை எகிறிச்சு பாருங்க, வெள்ளி மாதிரி! தோணிய வளைக்கறப்போ நம்ம வேணுதான் துடுப்பைத் தடதடனு போட்டுக் கலைச்சுட்டான்."

கூட்டத்துக்கு அது பொய் என்று தெரியும். ஆனால் எவ்வளவு நல்ல பொய்! வேணுகூடத் தலையைச் சொறிந்துகொண்டு, கலைத்திருப்பேனோ என்று யோசிக்க ஆரம்பித்துவிட்டான். பெரியதனக்காரர் முகத்தில் நிம்மதி தெரிந்தது. "சரி தருமலிங்கம், ஏரித் தண்ணியைக் கையில எடுத்துக்கினு நீயும் ஒரு வார்த்தை சொல்லிடு" என்றார்.

தருமலிங்கம் குடத்திலிருந்து தண்ணீரை உள்ளங்கையில் வாங்கினான். 'பார்த்தேன்' என்று சொன்னால் போதும், முகத்துவாரத்துப் பாடு அவனுடையது. சொல்லத்தான் வாயெடுத்தான். அப்போது பெண்கள் பக்கம் பார்த்தான். லோகாம்பாள் அவனைப் பார்க்கவில்லை. நீலமேகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கும்பிடுகிற மாதிரி இரண்டு கையையும் நெஞ்சில் வைத்துக்கொண்டு, கண் கலங்கி, வாய் முணுமுணுக்க, அவனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இதற்கும் அவன்தானா? என் பொய்யைக்கூட அவன்தான் காப்பாற்ற வேண்டுமா? தருமலிங்கத்துக்குத் தலைக்கு ஏறிவிட்டது.

"இவன் பார்க்கல" என்றான். "நானும் பார்க்கல. ஏரியில ஒண்ணுமே இல்ல. சும்மா கூவினேன்."

உண்மை பேசியது சத்தியத்துக்குப் பயந்தா? கங்கம்மாவுக்குப் பயந்தா? ஒரு மண்ணும் இல்லை. பொறாமைதான் அவன் வாயைப் பிடித்து உண்மையைப் பிடுங்கிப் போட்டது. பெரியதனக்காரர் தலையில் அடித்துக்கொண்டார். நேர் பாடு போயிற்று. அந்த வருஷம் பூராவும் தருமலிங்கம் அடுத்தவன் தோணியில் கூலிக்குத் துடுப்புப் போட வேண்டும் என்று ஆயிற்று.

வீட்டுக்கு வந்ததும் லோகாம்பாள் பிடித்துக்கொண்டாள். "அவன் நமக்காகத்தானேய்யா பொய் சொன்னான்? நீ வாயை மூடிக்கினு தலையை ஆட்டியிருந்தாகூட பாடு நின்னுருக்குமே!"

"அவன் தயவு எனக்கு இன்னாத்துக்கு?"

"அப்போ இன்னாத்துக்குய்யா கூவினே?"

தருமலிங்கம் தலைத்துணியை அவிழ்த்து மடித்தான். பிறகு, "நீ திரும்பிப் பார்ப்பேனு" என்றான்.

லோகாம்பாள் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். கோபம் போய்விட்டது. அதைவிட மோசமான ஒன்று முகத்தில் வந்தது. "அவன் ஆயிரம் கதை சொல்லியிருக்கான்" என்றாள். "ஒரு கதைக்காச்சும் ஒக்காந்த எடத்தை விட்டு எழுந்தேனாய்யா நானு? நீ ஒரு வார்த்தை கூவினே. கூடையைப் போட்டுட்டு, சீலையைத் தூக்கிக்கினு, பைத்தியக்காரி மாதிரி ஓடியாந்தேன்." முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

அதற்குப் பிறகு அவள் சிரிக்கவில்லை. சோறு போட்டாள், மீன் காயவைத்தாள், கேட்டதற்குப் பதில் சொன்னாள். ஊர் மட்டும் நன்றாகச் சிரித்தது. யாராவது கொஞ்சம் பெரிதாக அளந்தால் போதும், "இன்னாடா, தருமலிங்கம் மடவையா?" என்றார்கள். மருமகள் கர்ப்பம் என்று ஒருத்தி அவசரப்பட்டுச் சொல்லிவிட்டால் தருமலிங்கம் மடவை. பெரிய மழை வரும் என்று ஒருவன் சொல்லி வராமல் போனால் தருமலிங்கம் மடவை. குப்பத்தில் சின்னது பெரிசு எல்லார் வாயிலும் அது புழங்கியது, லோகாம்பாள் வாய் ஒன்றைத் தவிர. புருஷன் பேரை அவள் எப்படிச் சொல்லுவாள்? மற்றவர்கள் அதைச் சொல்லும்போது குனிந்து மீனைப் புரட்டிப் போடுவாள்.

தருமலிங்கத்துக்கு இப்போது சந்தோஷமாக அல்லவா இருக்க வேண்டும்? நீலமேகம் வந்து உட்கார்ந்தாலும் அவள் தலை நிமிர்வதில்லை. அவன் கேட்டது இதுதானே! ஆனால் கூலித் தோணியிலிருந்து திரும்பும்போதெல்லாம் அவன் காது கரைப்பக்கமே இருக்கும். எல்லோர் சிரிப்பும் கேட்கும். அந்த ஒரு சிரிப்பு மட்டும் கேட்காது. இவன் பேச்சுக்கு இல்லாவிட்டால் போகிறது, எவன் பேச்சுக்காவது சிரித்துத் தொலைக்க மாட்டாளா என்று அவன் ஏங்க ஆரம்பித்தான். கடைசியில் ஒரு நாள், செத்தாலும் செய்ய மாட்டேன் என்று இருந்ததைச் செய்தான். ஓட்டைத் தோணிக்கு அடைப்புப் போட்டுக்கொண்டிருந்த நீலமேகத்திடம் போய் நின்றான்.

"நீலமேகம்."

"இன்னா அண்ணாத்தே?" என்று அவன் உஷாராக எழுந்தான். அடிப்பானோ என்று பயம்.

"ஒங்க அண்ணி சிரிச்சு ரொம்ப நாளாச்சு." தருமலிங்கம் ஒவ்வொரு சொல்லாகத் தள்ளினான். "நீ வந்து ஒரு கதை சொல்லேன்."

நீலமேகம் வாயடைத்து நின்றது வாழ்நாளில் அப்போதுதான். பிறகு ஒன்றும் கேலி பேசாமல், கையில் இருந்த சணலைப் போட்டுவிட்டுக் கூடவே வந்தான்.

மணலில் பெண்கள் மீனை அள்ளிக் கூடையில் போட்டுக்கொண்டிருந்தார்கள். தருமலிங்கம் சற்றுத் தள்ளி, கவிழ்த்துப் போட்ட ஒரு தோணியண்டை நின்றுகொண்டான். நீலமேகம் தன்னிடம் இருந்ததிலேயே பெரிய கதையை எடுத்தான். ஒல்லாந்தன் ஊரிலேயும் ஏரி உண்டு என்றான். மார்கழி வந்தால் அந்த ஏரித் தண்ணீர் மொத்தமும் கல்லாகிவிடும் என்றான். "கப்பல்ல இருந்த தொரை சத்தியம் பண்ணிச் சொன்னான் அண்ணி! ஆம்பள பொம்பள எல்லாரும் கால்ல இரும்பைக் கட்டிக்கினு அந்தத் தண்ணி மேல சர்ருனு வழுக்கிக்கினு போவாங்களாம். மீனு வேணும்னா கோடாலியால ஏரியை ஒடைப்பாங்களாம்!"

அங்காளம்மாள் வாயில் கையை வைத்துக்கொண்டாள். மற்றவர்கள் எல்லோரும் லோகாம்பாளைப் பார்த்தார்கள். அவள் கூடையை இறுக்கிக் கட்டிக்கொண்டிருந்தாள். நீலமேகம் இன்னும் அருகில் போய், "மாட்டு வண்டியே போவுமாம் அண்ணி, தண்ணி மேல!" என்றான்.

லோகாம்பாள் நிமிர்ந்தாள். சொல்ல வந்தது நுனிநாக்கில் நின்றது. ஊர் சொல்கிற வார்த்தைதான், ஆனால் அதில் அந்தப் பேர் இருக்கிறதே! ஒரு கணம் தடுமாறினாள். பிறகு கையை வீசி, "போய்யா கொழுந்தனாரே! இது எங்கூட்டு மடவை!" என்றாள்.

ஒரு நொடி யாருக்கும் புரியவில்லை. புரிந்ததும் மணலே அதிர்ந்தது. அங்காளம்மாள் உருண்டாள். அத்தனை பேரின் நடுவில் லோகாம்பாளுக்குத் தான் சொன்னதை நினைத்துத் தானே தாங்க முடியவில்லை. தலையைப் பின்னால் சாய்த்து, கண்ணில் தண்ணீர் வர, "எங்கூட்டு மடவை... பெருசுனு வேற சொல்லிச்சு அந்த மனுஷன்... பெருசுனு!" என்று விக்கி விக்கிச் சிரித்தாள்.

அன்றிலிருந்து புளுகுக்கு அதுதான் பேர் என்று ஆகிவிட்டது. தருமலிங்கம் என்ற பேர் உதிர்ந்துபோய், குப்பத்திலிருந்து பழவேற்காட்டுக் கடைத்தெருவுக்கும், அங்கிருந்து உப்பு வாங்க வந்தவர்களோடு ஆரம்பாக்கத்துக்கும் அந்த வார்த்தை போயிற்று. கல்யாணமே ஆகாத பையன்கூட, எவனாவது கதை விட்டால், "எங்கூட்டு மடவை!" என்றான். யார் வீடு, எந்த மடவை என்று எவன் கேட்டான்?

மணலில் கதை பாதியில் நின்றுபோன நீலமேகம் தோணிப்பக்கம் வந்தான். முகம் தொங்கிப்போயிருந்தது. "பத்தாவி வரைக்கும் போய் வந்தேன் அண்ணாத்தே" என்றான். "அண்ணி என் கதைக்கு ஒரு நாளும் இப்படி ஒரு சிரிப்பு சிரிச்சதில்ல." அவன் பார்வையில் இருந்தது என்ன என்று தருமலிங்கத்துக்குத் தெரியாதா? எத்தனை வருஷமாகத் தன் வயிற்றிலேயே வளர்த்த சாமான் அது! பாடு போனது, பேர் போனது, இந்தச் சிரிப்பும் தன்னைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்புதான், எல்லாம் அவனுக்குத் தெரிந்தது. இருந்தாலும் நெஞ்சு பொங்கியது.

லோகாம்பாள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பினாள். அவன் அங்கே நிற்பதைப் பார்த்தாள். பார்த்தும் சிரிப்பு நிற்கவில்லை.

"இன்னாய்யா நின்னுக்கினு கீற?" என்றாள். "வந்து கூடையைத் தூக்கி உடு."

தருமலிங்கம் ஓடினான்.